அமீரகப் பாலைவனத்தில் பால்வீதி பார்க்க நல்ல இருட்டு எங்கே கிடைக்கும்?

தேரிக்காடு (ஷார்ஜா)
ஏப்ரல் 3, 2025

எல்லோருக்கும் வணக்கம். ஷார்ஜாவில் வேலை, குடும்பமும் இங்கேதான். பெரியவனுக்குப் பதினொரு வயது. வானம், கோள், நட்சத்திரம் என்றால் சாப்பாடு வேண்டாம். பால்வீதியைக் கண்ணால் பார்க்க வேண்டும் என்று ரொம்ப நாளாகக் கேட்டுக்கொண்டிருக்கிறான்.

பிப்ரவரியில் ஒரு டூர் நிறுவனத்தில் 'நட்சத்திர இரவு' என்று பணம் கட்டிப் போனோம். கூடாரத்தைச் சுற்றிச் சரவிளக்கு, நடுவில் தனூரா என்ற சுழன்றாடும் பாவாடை ஆட்டம், ஒலிபெருக்கி. பத்து நிமிஷம் விளக்கை அணைத்துவிட்டு "பாருங்கள்" என்றார்கள். தலைக்கு மேல் நிலா. பையன் திரும்பி வரும் வழியெல்லாம் ஒரு வார்த்தை பேசவில்லை.

இனி நாங்களே போகலாம் என்று இருக்கிறோம். என்னிடம் இருப்பது சாதாரண சலூன் கார். துபாயை ஒட்டிய அல் குத்ரா ஏரிப் பக்கம் போனால் போதுமா? இல்லை அபுதாபிக்குத் தெற்கே பாலைவனத்தில் உள்ள லிவா வரை போக வேண்டுமா? குடும்பத்தோடு போவதால் பாதுகாப்பும் முக்கியம். அனுபவம் உள்ளவர்கள் சொல்லுங்கள்.

---

அல்ஐன்_அண்ணாச்சி (அல் ஐன்)
ஏப்ரல் 3, 2025

தம்பி, அல் குத்ரா வேண்டாம். பறவை பார்க்கவும் பிள்ளைகள் ஓடி விளையாடவும் அருமையான இடம். ஆனால் துபாயின் வெளிச்சம் வடக்கிலும் மேற்கிலும் கால்வாசி வானத்தை விழுங்கிவிடும்.

எந்த இடம் என்று கேட்பதற்கு முன்னால் வானத்தில் எந்தப் பக்கம் இருட்டாக இருக்க வேண்டும் என்று யோசியுங்கள். பையன் பார்க்க ஆசைப்படும் பால்வீதியின் நடுப்பகுதி விருச்சிகத்துக்கும் தனுசுக்கும் இடையில் இருக்கிறது. அது நமக்குத் தெற்கு வானம். உச்சிக்கு வரும்போதும் இங்கே அடிவானத்திலிருந்து சுமார் 38 பாகைதான் ஏறும். நம் ஊரில், திருநெல்வேலிப் பக்கம், 52 பாகை வரை ஏறும். ஆக இங்கே தெற்கு அடிவானம் சுத்தமாக இருந்தே ஆக வேண்டும்.

இந்த நாட்டின் அமைப்பு அதற்கு ரொம்ப வசதி. அபுதாபி, துபாய், ஷார்ஜா, ராஸ் அல் கைமா எல்லாம் கடற்கரையோரம். அல் ஐன் உள்ளே தள்ளி இருக்கிறது, அவ்வளவுதான். அல் ஐனையும் தாண்டித் தெற்கே இறங்கிவிட்டால் அத்தனை ஊர் வெளிச்சமும் முதுகுக்குப் பின்னால் போய்விடும். எதிரே ஓமான் எல்லையும் ரூப் அல் காலி என்ற பெரும் பாலைவனமும். பெரிய ஊர் எதுவும் கிடையாது. வடக்கே கொஞ்சம் வெளிச்சம் தெரிந்தால் தெரிந்துவிட்டுப் போகட்டும், நமக்கு அங்கே வேலை இல்லை.

அதனால் என் பதில் அல் குவா. அல் ஐனிலிருந்து தெற்கே ஒரு மணி நேரத்துக்கு மேல் ஓட்ட வேண்டும். கூகுள் மேப்பில் 'மில்கி வே ஸ்பாட்' என்றே குறித்து வைத்திருக்கிறார்கள். உங்களுக்கு ஷார்ஜாவிலிருந்து இரண்டரை மணி நேரம் வைத்துக்கொள்ளுங்கள்.

நாள்: ஏப்ரல் 27 ஞாயிறு அமாவாசை. 26 சனிக்கிழமை இரவு போனால் மறுநாள் விடுமுறை. இதைவிட வசதியாக அமையாது.

---

ரோகிணி (அபுதாபி)
ஏப்ரல் 4, 2025

அண்ணாச்சி சொன்ன திசைக் கணக்கு நூற்றுக்கு நூறு சரி. ஆனால் அமாவாசையை ஒட்டிய சனிக்கிழமை இரவில் அல் குவா எப்படி இருக்கும் என்பதையும் சொல்லிவிட வேண்டும். வண்டிகள் வந்துகொண்டே இருக்கும். ஒவ்வொரு வண்டியும் ஹெட்லைட்டை முழுசாகப் போட்டுக்கொண்டு திரும்பும். இருட்டுக்குக் கண் முழுதாகப் பழக இருபது முப்பது நிமிஷம் ஆகும். விழித்திரையில் ரொடாப்சின் என்ற நிறமி திரும்பச் சேர அவ்வளவு நேரம் எடுக்கிறது. ஒரே ஒரு ஹெட்லைட் முகத்தில் அடித்தால் போச்சு, திரும்ப முதலிலிருந்து தொடங்க வேண்டும். நான் அங்கே கேமரா வைத்து எடுத்த படங்களில் பாதி இப்படித்தான் வீணாயிற்று.

அதனால் மேப்பில் குறித்த அதே புள்ளிக்குப் போகாதீர்கள். அந்தப் பகுதியில் எங்கே கெட்டித் தரை கிடைக்கிறதோ, பெரிய சாலையிலிருந்து பார்வைக்கு மறைவாக ஒரு மணல்மேடு குறுக்கே இருக்கிறதோ, அங்கே நில்லுங்கள். பண்ணைகளின் விளக்குகளையும் கவனியுங்கள். ஒட்டகத் தொழுவம் ஒன்றில் ஒரே ஒரு வெள்ளை விளக்கு எரிந்தாலும் ஒரு கிலோமீட்டருக்குக் கண்ணைக் கூசும். பகல் வெளிச்சம் இருக்கும்போதே போய் இடம் பார்த்து வைப்பது நல்லது.

இன்னொன்று. இணையத்தில் கிடைக்கும் ஒளி மாசு வரைபடங்களை எல்லோரும் வேதம் மாதிரி நம்புகிறார்கள். பலரும் பார்க்கும் உலக வரைபடம் 2016-ல் வெளியானது. அதற்குப் பிறகு இங்கே எத்தனை சாலைகள் வந்துவிட்டன! செயற்கைக்கோள் தரவை நேரடியாகக் காட்டும் புதிய வரைபடங்களிலும் ஒரு குறை இருக்கிறது. விர்ஸ் என்ற அந்தக் கருவியின் இரவுப் பட்டைக்கு 500 நானோமீட்டருக்குக் கீழே உள்ள நீல ஒளி தெரியாது. பழைய மஞ்சள் சோடியம் விளக்கை எடுத்துவிட்டு வெள்ளை எல்இடி போட்டால், கருவி 'வெளிச்சம் குறைந்திருக்கிறது' என்று காட்டும். நம் கண்ணுக்கு வானம் இன்னும் வெளுத்திருக்கும். காற்றில் அதிகம் சிதறுவது அந்த நீலம்தானே.

---

மணலோட்டி (துபாய்)
ஏப்ரல் 4, 2025

நான் லிவா கட்சி. தல் மொரீப் பக்கம் ஒரு தடவை படுத்துப் பாருங்கள். மேடு மட்டுமே முந்நூறு மீட்டர் உயரம். சுற்றிலும் மணல்தான்.

ஆனால் சலூன் காரில் குடும்பத்தோடு என்றால் நான் அல் குவாவுக்கே ஓட்டுப் போடுகிறேன். லிவாவில் தார்ச்சாலையை விட்டு இறங்கினால் ஃபோர்வீல் இல்லாமல் ஒன்றும் நடக்காது. ஃபோர்வீல் இருந்தாலும் டயரில் காற்றை 15 முதல் 18 பிஎஸ்ஐ வரை இறக்க வேண்டும், திரும்பி ஏற்ற கம்ப்ரஸர் வேண்டும், கூட இன்னொரு வண்டி வேண்டும். தனி வண்டியாக மணலில் இறங்குபவர்களை நான் திட்டுவேன்.

தம்பி தேரிக்காடு, சப்கா பற்றித் தெரியுமா? உப்புத் தரை. மேலே பார்க்க சிமெண்ட் போட்ட மாதிரி தட்டையாக, வெள்ளையாக இருக்கும். 'ஆஹா, நல்ல கெட்டித் தரை' என்று வண்டியை விடுவோம். மேலோடு உடைந்ததும் கீழே சேறு. சக்கரம் அச்சு வரை இறங்கிவிடும். மணலில் சிக்கினால் தோண்டி வரலாம், சப்காவில் சிக்கினால் இழுவை வண்டி வந்தால்தான் உண்டு. ரோகிணி மேடம் சொன்ன மாதிரி வெளிச்சத்தில் போய், இறங்கி நடந்து, குதிகாலால் மிதித்துப் பார்த்துவிட்டு நிறுத்துங்கள். வேறு வண்டிகளின் தடம் இருக்கிற இடத்தை விட்டு விலக வேண்டாம். எல்லை வேலிப் பக்கம் போகவே கூடாது. அல் குவாவையும் தாண்டி உம் அஸ் ஸமூல் வரை போகலாம் என்று யாராவது சொன்னால் கேட்காதீர்கள். அது பாதுகாக்கப்பட்ட பகுதி, அனுமதி வேண்டும்.

திரும்பி வரும்போது சாலையில் ஒட்டகம். வேலி போட்டிருந்தாலும் எங்கேயாவது சந்து வழியாக வந்துவிடும். ராத்திரி அதன் நிறமும் மணலின் நிறமும் ஒன்று. நூறுக்கு மேல் போகாதீர்கள்.

---

அல்ஐன்_அண்ணாச்சி
ஏப்ரல் 4, 2025

லிவா பற்றி ஒரு விஷயம். அங்கே தெற்குதான் சிக்கல். லிவாவுக்குத் தெற்கே ஷா எரிவாயு வயல் இருக்கிறது. எல்லைக்கு அந்தப் பக்கம் சவூதியின் ஷைபா எண்ணெய் வயல். ரெண்டும் ஒளி வரைபடத்தில் சின்ன நகரம் மாதிரி எரியும். லிவாவின் இருட்டு நல்ல இருட்டுதான், உச்சி வானம் அல் குவாவுக்குக் குறையாது. ஆனால் தென்சிலுவை மாதிரி அடிவானத்தை ஒட்டியதைப் பார்க்கப் போகிறவர்கள் எந்த மேட்டுக்குப் பின்னால் அந்த வெளிச்சத்தை மறைக்கலாம் என்று பார்த்து உட்கார வேண்டும்.

---

லே_வழி
ஏப்ரல் 5, 2025

ஊருக்குப் போகும்போது லடாக்கின் ஹான்லே போய்ப் பாருங்கள் நண்பர்களே. அதுவும் பாலைவனம்தான், குளிர்ப் பாலைவனம். 4,500 மீட்டர் உயரத்தில் இந்திய வானியல் ஆய்வகம் இருக்கிறது. 2022 டிசம்பரில் அந்தப் பகுதியை இருள்வானக் காப்பகமாக அறிவித்தார்கள். வீடுகளில் ஜன்னலுக்குக் கனமான திரை, வெளி விளக்குக்கு மூடி என்று ஊர் மக்களே ஒத்துழைக்கிறார்கள். ஆனால் பிள்ளைகளை லேயில் சில நாள் தங்கவைத்து உயரத்துக்குப் பழக்காமல் நேராக அங்கே கூட்டிப் போகக் கூடாது.

---

ஸலாலா_பாய் (ஸலாலா, ஓமான்)
ஏப்ரல் 5, 2025

அஸ்ஸலாமு அலைக்கும். அமீரகத்தைத் தாண்டி வர முடிந்தவர்களுக்காக இதை எழுதுகிறேன். ஜூன் கடைசியிலிருந்து செப்டம்பர் வரை எங்களுக்கு கரீஃப் பருவம். ஸலாலா முழுக்க மேகமும் சாரலும். நட்சத்திரம் என்ற பேச்சே கிடையாது. ஆனால் மலையேறி தும்ரைத் பக்கம் இறங்கினால் மேகம் மலையோடு நின்றுவிடும். ஒரு வளைவு வரை வைப்பர் போட்டுக்கொண்டு வருவோம், அடுத்த சில கிலோமீட்டரில் வறண்ட பாலைவனமும் திறந்த வானமும். காற்று மணலைத் தூக்காத நாளாகப் பார்த்துப் போக வேண்டும், அது ஒன்றுதான் கவலை.

இங்கே அட்சரேகை 18-ஐ ஒட்டி. அல் குவாவைவிட ஐந்தரை பாகை தெற்கே. கேட்க சின்ன எண்ணாக இருக்கிறது, ஆனால் அங்கே அடிவானத் தூசுக்குள் தேட வேண்டிய தென்சிலுவை இங்கே முழுசாக, எழுந்து நிற்கும்.

மஸ்கட் வரை மட்டும் வர முடிந்தவர்களுக்கு ஷர்கியா மணல்வெளி இருக்கிறது, பழைய பெயர் வஹீபா. பிதியா ஊரிலிருந்து உள்ளே போக வேண்டும். அங்கேயும் முகாம்களின் விளக்குதான் பிரச்சினை. முன்பதிவு செய்யும்போதே "இரவு எத்தனை மணிக்கு விளக்கை அணைப்பீர்கள்?" என்று கேளுங்கள். பதில் தயங்கித் தயங்கி வந்தால் வேறு முகாம் பாருங்கள்.

சவூதியில் இருப்பவர்கள் அல் உலாவை மறக்க வேண்டாம். மனாரா, கராமீல் இரண்டு இடங்களுக்கும் 2024-ல் சர்வதேச இருள்வானப் பூங்கா அங்கீகாரம் கிடைத்திருக்கிறது.

---

தேரிக்காடு
ஏப்ரல் 6, 2025

எல்லோருக்கும் ரொம்ப நன்றி. அல் குவா என்று முடிவு செய்துவிட்டோம், 26-ஆம் தேதி சனிக்கிழமை. மைத்துனர் அஜ்மானிலிருந்து ஃபோர்வீலில் வருகிறார், ஆக இரண்டு வண்டி.

சில கேள்விகள். எத்தனை மணிக்குப் பால்வீதி தெரியும்? சின்னவளுக்கு எட்டு வயது, அவ்வளவு நேரம் விழித்திருப்பாளா தெரியவில்லை. டெலஸ்கோப் வாங்க வேண்டுமா? பையன் தென்சிலுவை, அகத்திய நட்சத்திரம் என்று ஒரு பட்டியலே போட்டு வைத்திருக்கிறான்.

---

அல்ஐன்_அண்ணாச்சி
ஏப்ரல் 6, 2025

டெலஸ்கோப் வேண்டாம். 7x50 அல்லது 10x50 பைனாகுலர் ஒன்று போதும். முதல் தடவை பார்க்கும் பிள்ளைக்கு வெறும் கண்தான் பெரிய கருவி.

நேரம் சொல்கிறேன். 26-ஆம் தேதி இரவு எட்டேகால் வாக்கில் முழு இருட்டு வந்துவிடும். அதற்குச் சற்று முன்னாலிருந்தே மேற்கே பாருங்கள். சூரியன் இறங்கிய இடத்திலிருந்து சாய்வான கூம்பு மாதிரி மங்கலான வெளிச்சம் மேலே போகும். ஊர் வெளிச்சம் என்று நினைத்துவிடாதீர்கள். கோள்கள் சுற்றும் தளத்தில் மிதக்கும் தூசு சூரிய ஒளியில் மின்னுவது அது, ராசிமண்டல ஒளி. அது தெரிந்தால் நல்ல இடத்தில் நிற்கிறீர்கள் என்று அர்த்தம். எந்த வரைபடமும் வேண்டாம்.

பத்தரைக்கு நேர் தெற்கே தென்சிலுவை. ரொம்பக் கீழே. மேல் நட்சத்திரம் 9 பாகை, அடி நட்சத்திரம் 3 பாகைதான். கையை முழுசாக நீட்டி முஷ்டியை மடக்கினால் அதன் அகலம் சுமார் 10 பாகை. ஆக சிலுவை முழுவதும் ஒரு முஷ்டிக்குள் அடங்கிவிடும். தெற்கே மணல்மேடு இருந்தால் போயிற்று, அதனால் தெற்கு தட்டையாகத் திறந்திருக்கும் இடமாகப் பாருங்கள். ரோகிணி சொன்ன மறைப்பு மேடு வடக்கே, சாலைப் பக்கம் இருக்க வேண்டும்.

பதினொன்றரைக்கு அதே தெற்கில், இரண்டு முஷ்டி உயரத்தில், பைனாகுலரில் ஒமேகா சென்டாரி. லட்சக்கணக்கான நட்சத்திரங்கள் கூடிய கொத்து. நல்ல இருட்டில் வெறும் கண்ணுக்கே மங்கலான புள்ளியாகத் தெரியும்.

பால்வீதியின் நடுப்பகுதி பத்தே முக்கால் வாக்கில் தென்கிழக்கில் எழ ஆரம்பிக்கும். முதலில் கேட்டை, சிவப்பாக. பிறகு மூல நட்சத்திரக் கூட்டம், தேள் கொடுக்கு வளைந்து மேலே வரும். ஆனால் அப்போது பார்த்து ஏமாறக் கூடாது, அடிவானத் தூசில் மங்கித்தான் இருக்கும். இரண்டு மணிக்குமேல்தான் அதன் நேரம். மூன்றே முக்காலுக்கு உச்சி. நாலு இருபதுக்கு விடியலின் முதல் வெளிச்சம் கிழக்கே பரவிவிடும். அதனால் சின்னவளைப் பன்னிரண்டு மணிக்குத் தூங்கவைத்து இரண்டரைக்கு எழுப்புங்கள். எழுந்ததும் போனைக் கொடுக்காதீர்கள், அந்தத் திரை ஒன்றே கண்ணைக் கெடுத்துவிடும். டார்ச்சுக்குச் சிவப்புக் கண்ணாடிக் காகிதம் ஒட்டிக்கொள்ளுங்கள்.

அகத்தியரை இந்தத் தடவை தேட வேண்டாம். இருட்டும்போதே தென்மேற்கில் மறைந்துவிடுவார். ஜனவரி, பிப்ரவரியில் தெற்கே 13 பாகை உயரத்தில் பளிச்சென்று இருப்பார். அதே நட்சத்திரத்தைத்தான் அரபுக்காரர்கள் சுஹைல் என்பார்கள். ஆகஸ்ட் கடைசி வாரம் விடியற்காலையில் அது முதலில் தென்பட்டால் வெயிலின் உக்கிரம் இனி இறங்கும் என்று இங்கே கணக்கு. பையனிடம் சொல்லுங்கள்.

---

ரோகிணி
ஏப்ரல் 7, 2025

பிள்ளைகளிடம் ஒன்று முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். படத்தில் வரும் நீலமும் ஊதாவும் கண்ணுக்குத் தெரியாது. இருட்டில் நம் கண்ணுக்கு நிறம் பிரிக்கத் தெரியாது. சாம்பல் வெள்ளையில், நடுவே கிழிந்த மாதிரி கருப்புப் பட்டைகளோடு ஒரு பெரிய பட்டை. அந்தக் கருப்பு வெற்றிடம் இல்லை, அண்டத் தூசு மறைக்கிற இடம். அந்தக் கருப்பு தெளிவாகப் பிரிந்து தெரிந்தால்தான் இருட்டு நல்ல இருட்டு.

தூசு பற்றி யாரும் விரிவாகச் சொல்லவில்லை. இந்த நாட்டில் நிலாவுக்கு அடுத்த எதிரி அதுதான். ஷமால் என்ற வடமேற்குக் காற்று அடித்தால் இரண்டு மூன்று நாளுக்கு வானம் பால் போட்ட மாதிரி இருக்கும், எவ்வளவு தூரம் போனாலும் பிரயோஜனம் இல்லை. வானிலைச் செயலிகளில் தூசுப் படலம் என்று ஓர் அடுக்கு இருக்கும், வெள்ளிக்கிழமையே பாருங்கள். போன பிறகு பார்க்க ஒரு எளிய வழி: சூரியன் மறைவதைக் கவனியுங்கள். அடிவானம் வரை கண்ணைக் கூசவைத்தபடி இறங்கினால் காற்று சுத்தம். அடிவானத்துக்கு நாலு விரல் மேலேயே வெளுத்த தட்டாகி, கண்ணெடுத்துப் பார்க்கும்படி மங்கிக் கரைந்தால் அன்று தென்சிலுவையை மறந்துவிடுங்கள். கோடை முழுக்கப் பெரும்பாலும் இரண்டாவது கதைதான். அதனால்தான் ஜூலையில் பால்வீதி எட்டு மணிக்கே தென்கிழக்கில் ஏறி நின்றாலும் நான் ஏப்ரலின் பின்னிரவையே தேர்ந்தெடுப்பேன். மழை பெய்து ஓய்ந்த மறுநாள் கிடைத்தால் விடவே கூடாது.

---

தேரிக்காடு
ஏப்ரல் 28, 2025

போய்விட்டு வந்தோம்!

ஐந்தரை மணிக்கே இடத்துக்குப் போய்விட்டோம். மைத்துனரும் நானும் நடந்து மிதித்துப் பார்த்து, பழைய தடம் இருந்த கெட்டித் தரையில் நிறுத்தினோம். வடக்கே ஒரு மேடு, தெற்கே திறந்த வெளி. சூரியன் கடைசியில் கொஞ்சம் மங்கித்தான் இறங்கியது. அதனால் தென்சிலுவையில் மேலே மூன்று நட்சத்திரங்கள் கிடைத்தன, அடியில் உள்ளது கடைசி வரை தெரியவில்லை. பையன் முஷ்டியை நீட்டிக்கொண்டு அரைமணி நேரம் நின்றான்.

ராசிமண்டல ஒளியை நான்தான் முதலில் பார்த்தேன். ஊர் வெளிச்சம் என்று மனைவி சொல்ல, "அந்தப் பக்கம் ஊரே இல்லையே அம்மா" என்று பையன் மேப்பைக் காட்டினான்.

இரண்டரைக்குச் சின்னவளை எழுப்பினோம். பாயில் மல்லாந்து படுத்தவள் "மேகம் வந்துடுச்சு" என்று அழ ஆரம்பித்தாள். அது மேகம் இல்லை என்று புரியவைக்க நேரம் ஆயிற்று. அப்புறம் அந்தக் கருப்புப் பட்டையை விரலால் தொடர்ந்துகொண்டே இருந்தாள். பைனாகுலரை யாரும் கேட்கவே இல்லை, ஒமேகா சென்டாரிக்கு மட்டும்தான் எடுத்தோம்.

அல் குவா புள்ளிப் பக்கம் வண்டிகளின் வெளிச்சம் தூரத்தில் வந்து போய்க்கொண்டுதான் இருந்தது. மேடு காப்பாற்றியது.

அடுத்து டிசம்பர் ஜெமினிட் எரிகல் பொழிவுக்குப் போக வேண்டும் என்கிறான். அதே இடம் போதுமா?

---

அல்ஐன்_அண்ணாச்சி
ஏப்ரல் 28, 2025

மனசு நிறைந்துவிட்டது தம்பி.

ஜெமினிட்டுக்கு அதே இடம் தாராளம். அதற்குத் தெற்கு அடிவானம் முக்கியமில்லை, உச்சி வானம் திறந்திருந்தால் சரி. உச்சம் டிசம்பர் 13, 14-ஐ ஒட்டி. 13 சனிக்கிழமை. தேய்பிறை, நிலா நள்ளிரவு தாண்டித்தான் எழும். ஆக ஒன்பது மணியிலிருந்து நிலா வரும்வரை நல்ல நேரம் இருக்கிறது, பிள்ளைகளை நடுராத்திரி எழுப்ப வேண்டியதில்லை.

ஆனால் டிசம்பரில் பனி விழும். பாலைவனத்தில் என்ன ஈரம் என்று பலர் வெறும் பாயோடு வந்து நனைந்து போகிறார்கள். விடியற்காலையில் கார் கூரையிலிருந்து தண்ணீர் சொட்டும். தார்ப்பாய் கீழே, கம்பளி மேலே, தலைக்குக் குல்லா. பைனாகுலரைப் பயன்படுத்தாதபோது மூடி வையுங்கள். நடுச்சாமம் தாண்டினால் மூடுபனியும் வரலாம். வந்துவிட்டால் உடனே கிளம்பாதீர்கள், வண்டியிலேயே தூங்கிவிட்டு வெயில் ஏறிய பிறகு ஓட்டுங்கள்.

---

மணலோட்டி
ஏப்ரல் 28, 2025

டிசம்பருக்கு நானும் வருகிறேன். கம்ப்ரஸர், இழுவைக் கயிறு, பலகை எல்லாம் என் வண்டியில் இருக்கிறது. வேறு யார் வருகிறீர்கள் என்று நவம்பர் கடைசியில் இங்கேயே எழுதுங்கள். ஒரே நேரத்தில் போய்ச் சேர்ந்து, எல்லா வண்டியையும் வெளியேறும் திசையைப் பார்த்து நிறுத்திவிடுவோம். அப்படிச் செய்தால் நடுவில் யார் கிளம்பினாலும் ஹெட்லைட் மற்றவர்கள் மேல் அடிக்காது.